நாற்பத்தோராயிரம் பேர் தேடிய பிள்ளை

ஒவ்வோர் அரசுப் பள்ளியிலும் பயிற்சிக்குப் போவதற்கென்று ஓர் ஆள் இருப்பார். அரசாணை எதிலும் இப்படி ஒரு பதவி கிடையாது. ஆனால் ஆள் இருப்பார். சுற்றறிக்கை வெள்ளிக்கிழமை நாலு மணிக்கு வரும். ஐந்து மணிக்குள் பெயரை அனுப்பு என்று அதில் இருக்கும். கணக்கு வாத்தியாரை அனுப்பினால் பத்தாம் வகுப்பு கெடும். அறிவியல் வாத்தியார் சங்கத்தில் பொறுப்பில் இருக்கிறார், அவரை அனுப்பினால் நாம் கெடுவோம். ஆகவே யார் போனால் எதுவும் கெடாதோ அவரை அனுப்புவது. நான் தலைமையாசிரியராக இருந்த ஆவுடையாள்பட்டி மேல்நிலைப் பள்ளியில் அவர் ஞானசௌந்தரி, தையல் டீச்சர்.

பதினொரு வருஷத்தில் அவரை முப்பத்தொரு பயிற்சிகளுக்கு அனுப்பியிருக்கிறேன். மழைநீர் சேகரிப்பு, சாலைப் பாதுகாப்பு, முதலுதவி, தேனீ வளர்ப்பு என்று அரசாங்கத்துக்கு அந்தந்த மாதம் எது கவலையோ அது. தேனீ வளர்ப்புக்குப் போய்த் திரும்பியபோது ஒரு தேனீ அவருடைய பையிலேயே பஸ் ஏறி வந்து மூன்று நாள் தையல் அறையில் தங்கிவிட்டுப் போனது. டீச்சர் எதற்கும் "சரி சார்" என்பார். எட்டாம் வகுப்பு 'ஆ' பிரிவுக்கு ஆள் இல்லாமல் போனபோது வகுப்பாசிரியராகவும் அவரையே போட்டேன். அதற்கும் "சரி சார்".

ஆசிரியர்களுக்குக் கணினி கற்றுக்கொடுப்பதில் அரசாங்கம் பெரிய அளவில் இறங்கியது அந்தக் காலத்தில்தான். மாவட்டத் தலைநகரில் மாதம் ஒரு வாரம், மூன்று வருஷம். போனவர்களில் பெரும்பாலோர் மின்விசிறிக்கு நேர்கீழே இடம் பிடித்துக் கண்ணை மூடிக்கொண்டார்கள். டீச்சர் மட்டும் படித்தார். படிக்க வேண்டாம் என்று அவரிடம் யாரும் சொல்லவில்லை, அதனால் இருக்கலாம். பள்ளிக்கு வந்த பத்துக் கணினிகளையும் தையல் அறையில் வைத்தோம். அங்கேதான் பிளக் பாயின்ட் வேலை செய்தது. தையல் மிஷினுக்கும் கணினிக்கும் நடுவில் நின்றுகொண்டு, "கடைசித் தையல்ல முடிச்சு போடலன்னா மொத்தமும் பிரிஞ்சிரும்லா, நிரலும் அப்படித்தாம்" என்று அவர் சொல்வதை ஜன்னல் வழியாகக் கேட்டிருக்கிறேன். பிள்ளைகளுக்குப் புரிந்தது. எனக்குப் புரியவில்லை. நான் தலைமையாசிரியர், எனக்குப் புரிய வேண்டிய அவசியம் இருக்கவில்லை.

நான் ஓய்வு பெற்ற வருஷம் நகல் பயிற்சி வந்தது. வகுப்பு நடத்திக் கணினி சொல்லிக்கொடுத்தால் தலைமுறை ஆகும் என்று தெரிந்துபோய், தெரிந்தவர் தலையில் இருப்பதை எடுத்துத் தெரியாதவர் தலையில் வைக்கும் ஏற்பாடு. நெற்றியில் ஒரு பட்டை, இருபது நிமிஷம். எடுப்பதற்கு மாவட்டத்துக்கு ஒரு தலைசிறந்த ஆசிரியரை அனுப்பச் சொன்னார்கள். சுற்றறிக்கை வெள்ளிக்கிழமை நாலு மணிக்கு வந்தது. நான் யாரை அனுப்பியிருப்பேன் என்று சொல்ல வேண்டியதில்லை. மற்ற மாவட்டங்களிலும் என்னைப் போன்றவர்கள்தானே இருந்தார்கள்? அவர்களும் அப்படியே அனுப்பினார்கள். சென்னையில் எல்லாரையும் உட்காரவைத்துப் பட்டையைக் கட்டிப் பார்த்ததில் பாதிப் பேர் தலையில் கணினி என்பதே இல்லை. இரண்டு பேர் தலையில் பயிற்சி மையத்துச் சாம்பார் மட்டும் அத்தனை துல்லியமாக இருந்ததாம். அதை எடுத்துச் சமையல்காரர்களுக்கு வைக்கலாமா என்று ஒரு கோப்பு கொஞ்ச நாள் ஓடியது.

டீச்சர் தலையில் மட்டும் கணினி முழுசாக இருந்தது. எடுத்து நாற்பத்தோராயிரம் ஆசிரியர்களுக்கு வைத்தார்கள்.

அடுத்த வருஷமே மாநிலம் முழுக்கப் பிள்ளைகள் கணினியில் புகுந்து விளையாடினார்கள். நாற்பத்தோராயிரம் பேரும் ஊசியில் நூல் கோக்கப் போகிறவர்களைப் போல விரல்நுனியை நாக்கில் நனைத்துக்கொண்டு விசைப்பலகையைத் தொட்டார்கள். ஊட்டியிலும் ஓசூரிலும் "முடிச்சு போட்டியா?" என்று கேட்டார்கள். அதையெல்லாம் யாரும் குறையாக எடுத்துக்கொள்ளவில்லை.

காலையில் பெயர் கூப்பிடும்போதுதான் வேறொன்று தெரிந்தது. இருபத்திரண்டாம் எண் வரை வேகமாகப் போவார்கள். இருபத்து மூன்றுக்கு வந்ததும் நிற்பார்கள். அந்த எண்ணுக்குரிய பிள்ளை எழுந்து "உள்ளேன் ஐயா" என்று சொன்ன பிறகும் கண் வாசலிலேயே இருக்கும். அரை நிமிஷம் இருக்கும். பிறகு இருபத்து நான்கு. இருபது பிள்ளைகளே உள்ள பள்ளிகளில்கூட, இருபதோடு முடித்துவிட்டு வாசலைப் பார்த்தார்கள்.

அப்புறம் வகுப்பை விட்டு வெளியே போக மறுத்தார்கள். தேர்தல் வேலை, கணக்கெடுப்பு, பயிற்சி, எதற்கு அழைத்தாலும் வேலைநாளில் வர முடியாது என்று எழுதிக் கொடுத்தார்கள். வருகைச் செயலியில் ஒரே அழுத்தில் வகுப்பு முழுவதையும் வந்ததாகக் காட்டும் பொத்தான் ஒன்று உண்டு. அதைத் தொடுவதே இல்லை. ஒரு பிள்ளை வரவில்லையென்றால் ஒன்பதரைக்குள் யாராவது ஒருவர் அதன் வீட்டுக்குப் போய் நின்றார்கள். போன இடங்களில் காய்ச்சலில் கிடந்த பிள்ளைகளைத் தூக்கிக்கொண்டு ஆஸ்பத்திரிக்கு ஓடியிருக்கிறார்கள். செங்கல் சூளைக்கு லாரி ஏற்றப்பட்ட நாலு பிள்ளைகளை வழியிலேயே இறக்கியிருக்கிறார்கள். துறைக்கு இது நல்லதா கெட்டதா என்று முடிவுசெய்யத் தெரியவில்லை. தேர்தல் வேலைக்கு ஆள் இல்லை என்பது மட்டும் தெரிந்தது.

முடிவு செய்ய வைத்தது கிருஷ்ணகிரிப் பக்கத்து வாத்தியார் ஒருவர். இருபத்தாறு வயசு. ராஜினாமாக் கடிதம் கொடுத்திருந்தார். "நான் ஒரு பிள்ளையின் சாவுக்குக் காரணமாகிவிட்டேன். எங்கே, எப்போது என்று எனக்குத் தெரியவில்லை. இனி வகுப்புக்குள் நிற்க எனக்கு யோக்கியதை இல்லை" என்று எழுதியிருந்தார். அப்படி எழுதாமல் சாப்பாடு இறங்காமல் மெலிந்துபோனவர்கள் எத்தனை பேர் என்று விசாரித்தபோது துறை பயந்துவிட்டது.

அந்தக் கடிதத்தின் நகலோடு ஒருவர் என் வீட்டுக்கு வந்தார். நவநீதன் என்று பெயர், நகல் பயிற்சியின் பொறியாளர், கோயம்புத்தூர்க்காரர். மதியச் சாப்பாட்டைக் கையோடு கொண்டுவந்திருந்தார். டீச்சரிடம் ஒரு கையெழுத்து வாங்க வேண்டும், தனியாகப் போனால் பேச மாட்டேன் என்கிறார், பழைய தலைமையாசிரியர் சொன்னால் கேட்பார் என்று சென்னையில் சொன்னார்கள் என்றார்.

எதற்குக் கையெழுத்து என்று கேட்டேன்.

"அந்தப் பிள்ளையோட ஞாபகத்தை எடுக்கறதுக்குங்க சார்."

"நாற்பத்தோராயிரம் பேர் தலையிலேயும் எடுக்க வேண்டியதுதானே?"

"எடுத்தாலும் நிக்காதுங்க. கம்ப்யூட்டர் பாடம் வருஷத்துக்கு வருஷம் மாறுதுங்களே. அதுக்காக டீச்சர் புதுசா ஒண்ணு படிச்சா ஞாயித்துக்கிழமை அது எல்லாருக்கும் போயிரும். அசல்ல என்ன இருக்கோ அதுதான் நகல்ல இருக்கும். அசல்லயே எடுத்தாத்தான் சரிப்படும்."

"கணினியை விட்டுவிட்டு அதை மட்டும் எடுக்க வருமா?"

"வருங்க. மொதல்ல எடுத்தப்பவே பிரிச்சிருக்கணும். ஒரு டீச்சர் பாடம் நடத்தறபோது பாடம் மட்டுந்தான் தலையில இருக்கும்னு நெனச்சுட்டோம்."

இருபத்து மூன்றாம் எண் யார் என்று அவர் என்னைக் கேட்கவில்லை. கோப்பில் இருந்தது. ஆனால் கோப்பில் இருந்தது பாதிதான்.

அவள் பெயர் முத்துப்பேச்சி. எட்டாம் வகுப்பு 'ஆ'. அம்மா சண்முகக்கனி உப்பளத்துக்கு வேலைக்குப் போகிறவள். பிள்ளை ஓடைக்கரை வழியாக, உடைமரங்களுக்குள் புகுந்து பள்ளிக்கு வரும். பெரிய ரோட்டைச் சுற்றினால் இரண்டு மைல். அன்றைக்குச் சாப்பாட்டுத் தூக்கை மறந்துவிட்டுப் போய்விட்டது. ஓடைக்கரையில் கண்ணாடி விரியன் கடித்து அங்கேயே உட்கார்ந்துவிட்டது. ஆடு மேய்க்கிறவர் மூன்றரை மணிக்குப் பார்த்தார். மத்தியானத்துக்குள் கொண்டுவந்திருந்தால் காப்பாற்றியிருக்கலாம் என்று டாக்டர் சொன்னார்.

பிள்ளை வகுப்பில் இருப்பதாகச் செயலியில் ஏறியிருந்தது. ஏறியவுடன் பெற்றோருக்குச் செய்தி போகும்: உங்கள் பிள்ளை பாதுகாப்பாகப் பள்ளிக்கு வந்துவிட்டது. டீச்சர் அன்றைக்கு மாவட்டத் தலைநகரில் கணினிப் பயிற்சியில் இருந்தார். ஒன்பதரைக்குள் வருகையை ஏற்றாவிட்டால் மேலிடத்திலிருந்து தலைமையாசிரியருக்குப் போன் வரும். எனக்குத் தொந்தரவு வரக் கூடாதே என்று, பயிற்சிக் கூடத்தில் உட்கார்ந்தபடியே ஒன்பது இருபத்தைந்துக்கு முழு வருகைப் பொத்தானை அவர் அழுத்தியிருந்தார். விசாரணையில் அது தெரிந்தது. குற்றக் குறிப்பாணை வந்தது. ஊதிய உயர்வு நின்றது. நாற்பத்தோராயிரம் பேரும் சுமந்துகொண்டிருந்தது அந்த ஒன்பது இருபத்தைந்தைத்தான்.

கோப்பில் இல்லாத பாதி என்னிடம் இருந்தது. அன்று காலை ஒன்பது பத்துக்கு, ஆசிரியர் வராத வகுப்புகள் மூன்றுக்கும், என் அறையில் டீ குடித்துக்கொண்டே, முழு வருகைப் பொத்தானை நான் அழுத்தியிருந்தேன். மூன்று வகுப்புக்கும் மூன்று அழுத்து. செயலியில் கடைசியாக அழுத்தியவர் பெயர்தான் நிற்கும், அது அதன் குணம். டீச்சர் பதினைந்து நிமிஷம் கழித்து அழுத்தியதால் என் பெயர் அழிந்துவிட்டது. விசாரணை அதிகாரி என்னிடம் வேறு ஏதாவது தெரியுமா என்று கேட்டார். இல்லை என்றேன்.

சண்முகக்கனிக்குச் செய்தி வந்தது ஒன்பது பதினொன்றுக்கு. அன்று சாயங்காலமே ஆஸ்பத்திரி வாசலில் அவள் போனை என்னிடம் நீட்டிக் காட்டினாள். தூக்கை எடுத்துக்கொண்டு பிள்ளை போன வழியிலேயே கிளம்பி ஓடைவரை போய்விட்டாளாம். அந்த நேரம் பார்த்து செய்தி வந்ததாம். வந்துசேர்ந்துவிட்டதே, மத்தியானம் சத்துணவில் சாப்பிட்டுக்கொள்ளும் என்று திரும்பி உப்பளத்துக்குப் போய்விட்டாளாம். டீச்சர் அழுத்தினாலும் அழுத்தாவிட்டாலும் அதற்குள் அவள் திரும்பிப் போயிருந்தாள்.

இதை ஏழு வருஷமாக நான் யாரிடமும் சொல்லவில்லை. நவநீதனிடமும் சொல்லவில்லை. டீச்சர் கையெழுத்துப் போட்டால் நாற்பத்தோராயிரம் பேருக்கு நிம்மதி. எனக்கும் ஒரு மாதிரியான நிம்மதி. வாருங்கள் போகலாம் என்று சட்டையை மாட்டிக்கொண்டேன்.

பள்ளி விட்டிருந்தது. தையல் அறையில் டீச்சர் தனியாக உட்கார்ந்து சீருடைப் பாவாடை ஒன்றுக்கு ஓரம் மடித்துக்கொண்டிருந்தார். என்னைப் பார்த்ததும் எழுந்தார். உட்காருங்கள் என்ற பிறகுதான் உட்கார்ந்தார். நவநீதன் படிவத்தை மேஜையில் வைத்து, என்னிடம் சொன்னதையெல்லாம் இன்னும் மெதுவாகச் சொன்னார்.

"வலிக்காதுங்க டீச்சர். அந்தப் பிள்ளை மட்டும் போயிரும்."

"பேரு?"

"பேரும் போயிருங்க."

"அவ அம்மா சந்தையில பாத்தா நின்னு பேசுவா. என்னைய ஒரு வார்த்தை சொன்னதில்ல இதுவரைக்கும். அப்ப என்ன செய்ய?"

"யாரோ தெரியாதவங்க பேசறாங்கன்னு தோணும்ங்க."

டீச்சர் பாவாடையை மடித்து வைத்தார். கிருஷ்ணகிரி வாத்தியாரைப் பற்றி விசாரித்தார். வேலையை விட்டுவிட்டாரா, வீட்டில் யார் இருக்கிறார்கள், சாப்பிடுகிறாரா என்று கேட்டார். ஒருவேளைதான் சாப்பிடுகிறார் என்றார் நவநீதன்.

"நான் செஞ்சதுக்கு யார் பெத்த பிள்ளையோ எதுக்குய்யா பட்டினி கெடக்கணும்" என்றார் டீச்சர். "அவள மறக்கதுக்கு எனக்கு இஷ்டமில்ல. எனக்குன்னா போடமாட்டேன். அவங்களுக்காகப் போடுதேன்."

பேனாவைத் திறந்தார்.

எனக்கு அந்த இடத்தில் வீரம் எதுவும் வந்துவிடவில்லை. கையெழுத்துப் போடட்டும் என்றுதான் நினைத்தேன். ஆனால் அவர் பேனாவை வைத்த இடம் தப்பு. முதல் பக்கத்திலேயே போடப் போனார். போட வேண்டியது மூன்றாம் பக்கம். இத்தனை வருஷமாக நான் நீட்டிய தாள்களிலெல்லாம் அவர் எதையும் படித்துப் பார்க்காமல் எங்கே காட்டினேனோ அங்கே போட்டிருக்கிறார். இப்போதும் காட்டுவேன் என்று என்னைப் பார்த்தார்.

"டீச்சர், நீங்க அமுக்குனது எத்தனை மணிக்கு?"

"ஒம்பது இருபத்தஞ்சு, சார்." யோசிக்கவே இல்லை.

"அந்த அம்மாவுக்குச் செய்தி வந்தது ஒம்பது பதினொண்ணு."

அவர் பேனாவைத் தூக்கியபடி இருந்தார்.

"ஒம்பது பத்துக்கு நான் அமுக்கிட்டேன். உங்க வகுப்பையும் சேத்து. அதப் பாத்துட்டுத்தான் அவ திரும்பிப் போனா. நீங்க அமுக்குறதுக்கு முன்னாலயே எல்லாம் முடிஞ்சுபோச்சு."

நவநீதன் எழுந்து ஜன்னல் பக்கம் போய் நின்றுகொண்டார்.

டீச்சர் என் பக்கம் திரும்பினார். பிறகு, "எப்பத் தெரியும் உங்களுக்கு?" என்றார். சார் என்று சேர்க்கவில்லை.

"அன்னைக்கு சாயங்காலம்."

"மெமோவ நீங்கதான குடுத்தீக."

"ஆமா."

"குடுத்துட்டு, தைரியமா இருங்க டீச்சர்னு சொன்னீக."

அதையும் சொல்லியிருந்தேன். மறந்துபோயிருந்தது. அவருக்கு மறக்கவில்லை.

அவர் பேனாவை மூடி நவநீதனின் படிவத்தின் மேல் வைத்தார். இனிமேல் இதற்கு அவசியமிருக்காது என்று நினைக்கிறேன், ஞாயிற்றுக்கிழமை வரை பொறுங்கள் என்று அவரிடம் சொன்னார். என்னிடம், "நீங்க போயிட்டு வாங்க" என்றார். வெளியே வந்து கேட்டைத் தாண்டுகிறவரை தையல் மிஷின் சத்தம் கேட்கவில்லை.

அந்த ஞாயிற்றுக்கிழமை கோயில் ஆராதனை முடிந்து வந்து டீச்சர் நெற்றியில் பட்டையைக் கட்டிக்கொண்டாராம். திங்கட்கிழமை காலை மாநிலத்தில் ஒரு வகுப்பிலும் இருபத்து மூன்றாம் எண்ணில் யாரும் நிற்கவில்லை. கிருஷ்ணகிரி வாத்தியார் ராஜினாமாவைத் திரும்பப் பெற்றுக்கொண்டார். துறையில் எல்லாருக்கும் ஒரே சந்தோஷம்.

என்னை நாற்பத்தோராயிரம் பேருக்குத் தெரிந்துபோயிற்று. மதுரையில் ஒரு டீக்கடையில் முன்பின் பார்த்திராத ஒருவர் என்னைப் பார்த்துவிட்டுப் பாதி டீயை வைத்துவிட்டு எழுந்து போனார். திண்டுக்கல் பஸ்ஸில் ஒரு பெண் எனக்கு இடம் கொடுத்தார். வாத்தியார்தான், விரல்நுனியை நாக்கில் தொட்டு டிக்கெட்டை எடுத்தார். கொடுத்துவிட்டு என் வலதுகைக் கட்டைவிரலையே இறங்குகிறவரை பார்த்துக்கொண்டு வந்தார். நான் கையை மறைத்துக்கொள்ளவில்லை. சண்முகக்கனியிடம் நானே போய்ச் சொன்னேன். அவள் கேட்டுவிட்டு உள்ளே போய்க் கதவைச் சாத்திக்கொண்டாள். அதற்கு மேல் அதைப் பற்றி எழுத எனக்கு உரிமை இல்லை.

மூன்று மாதம் கழித்து நவநீதன் மறுபடி வந்தார். இந்தத் தடவை துறை அனுப்பவில்லை, லீவு போட்டுவிட்டு வந்திருந்தார். சாப்பாடும் கொண்டுவரவில்லை. தேர்தல் வேலைக்கு ஆள் கிடைத்துவிட்டார்களாம். முழு வருகைப் பொத்தான் திரும்பவும் நன்றாக வேலை செய்கிறதாம்.

வராத பிள்ளைகளின் வீட்டுக்குப் போகிறார்களா என்று கேட்டேன்.

"அதுக்குத்தாங்க வந்தேன். யாரும் போறதில்லீங்க. போன வாரம் ஒரு மலைக் கிராமத்துல ஒரு பொண்ணு ஒம்பது நாள் வரலைங்க. ஒம்பது நாளும் வந்ததா ஏறியிருக்குது. கல்யாணம் பண்ணி அனுப்பிட்டாங்க. பதிமூணு வயசுங்க."

நான் டீச்சரைப் பற்றிக் கேட்டேன்.

"அவங்க மட்டும் போறாங்க. தெனமும் போறாங்க."

"அசலில் இருப்பதுதானே நகலில் இருக்கும் என்றீர்கள்?"

"அவங்க போறது ஞாபகத்தால இல்லீங்க சார், குணத்தால. குணத்தை எடுக்க எங்ககிட்ட மிஷின் இல்லைங்க. மத்தவங்க போனதெல்லாம் அந்தக் குத்த உணர்ச்சியிலதான் போல இருக்குதுங்க. நீங்க உண்மையச் சொன்னீங்க, அது போயிருச்சு." என் முகத்தைப் பார்த்துவிட்டு, "தப்பா சொல்லலைங்க" என்றார்.

தப்பாக அவர் எதுவும் சொல்லவில்லை. ஏழு வருஷம் அந்தக் குற்றம் வேறு தலையில் இருந்தது. இருந்த இடத்தில் அது வேலை செய்துகொண்டிருந்தது. இப்போது அதற்குரிய தலைக்கு வந்துசேர்ந்து, பென்ஷன் வாங்கிக்கொண்டு சும்மா உட்கார்ந்திருக்கிறது. அதை அவருக்கு நான் எப்படிச் சொல்வது என்று யோசித்துவிட்டுச் சுருக்கமாகச் சொன்னேன்.

"என் தலையிலிருந்து எடுங்கள்."

"உங்களுக்குத்தான் கம்ப்யூட்டர் தெரியாதுங்களே சார்?"

"ஒரு பொத்தானை அமுக்கத் தெரியும்" என்றேன்.

அவர் சிரிக்கவில்லை. கேட்காமல் யாருக்கும் வைப்பதில்லை என்று இப்போது விதி வந்துவிட்டது, ஒவ்வொருவரிடமும் எழுதி வாங்க வேண்டும், இப்படி ஒன்றை யார் கேட்டு வாங்கிக்கொள்வார்கள் என்றார். கேட்டுப் பாருங்கள் என்றேன். பத்துப் பேர் வாங்கினாலும் பத்து வகுப்பு.

அவர் பையிலிருந்து படிவத்தை எடுத்தார். எடுத்து வைத்துக்கொண்டுதான் வந்திருக்கிறார். நான் மூன்று பக்கத்தையும் படித்துவிட்டுக் கையெழுத்துப் போட்டேன்.

"ஒண்ணு சொல்லணுங்க சார். கம்ப்யூட்டர் பாடம் எடுக்கறது மாதிரி இல்லைங்க இது. பட்டை கட்டியிருக்கற இருபது நிமிஷமும் அந்த நாளையே, விடாம, நெனச்சுக்கிட்டே இருக்கணும். வேற நெனப்பு வந்துச்சுன்னா அறுந்துபோயிரும். வேணும்னா ரெண்டு மூணு நாள் பயிற்சி எடுத்துட்டு அப்புறம் வெச்சுக்கலாங்க."

அதற்கு எனக்குப் பயிற்சி தேவைப்படாது என்றேன்.